எதிரியின் காமிராவும் நம் கத்தரிக்கோலும்

(கலைக்குழுத் தோழர்களுக்கான பயிற்சி வகுப்பில் ஆற்றிய உரை)



கலைக்குழுத் தோழர்களுக்கு வகுப்பு என்றவுடன், நாடகத்தைப் பற்றியோ பாட்டைப் பற்றியோ பேசுவேன் என்று நீங்கள் எதிர்பார்த்திருப்பீர்கள். அவற்றைப் பற்றிப் பேச என்னைவிடத் தகுந்தவர்கள் இந்த ஹாலிலேயே உட்கார்ந்திருக்கிறார்கள். ஆகவே நான் வேறு விஷயத்தை எடுத்துக்கொண்டேன். காமிராவைக் கையால் தொடாமலே சினிமா எடுத்தவர்களைப் பற்றிப் பேசப் போகிறேன்.

சிரிக்கிறீர்கள். ஆனால் இது வேடிக்கைப் பேச்சல்ல. எவனோ ஒருவன், தன் சொந்தக் காரியத்துக்காகப் படம் பிடித்து வைத்திருக்கிறான். அதை எடுத்து, வெட்டி, ஒட்டி, வரிசையை மாற்றி, பிடித்தவன் கனவிலும் கருதாத ஓர் அர்த்தத்தை அதற்குள்ளிருந்து வெளியே இழுத்துக்கொண்டு வருவது — இதுதான் அந்தக் கலை. மேல்நாட்டுக் கலைக்கூடங்களில் இதற்கு வாயில் நுழையாத பெயர்களெல்லாம் உண்டு. நாம் 'கண்டெடுத்த படம்' என்று சொல்லிக்கொள்வோம். நம் வீட்டுப் பெண்கள் பழைய சேலைத் துண்டுகளை ஒட்டுப்போட்டு விரிப்பு தைப்பதில்லையா? அதே வேலைதான். ஒரே வித்தியாசம், இங்கே கத்தரிக்குப் பலியாவது ஜமீன்தாரின் பட்டு அங்கவஸ்திரம்!

வியர்வை இரண்டு வகை

இந்தக் கலையின் தாய் ஒரு சோவியத் பெண்மணி. எஸ்ஃபிர் ஷூப் என்று பெயர். 1894-ல் பிறந்தவர். 1922 முதல் சோவியத் சினிமா நிறுவனத்தில் படம் வெட்டும் மேஜையில் வேலை பார்த்தார். வெளிநாட்டிலிருந்து வந்த படங்களைச் சோவியத் ஜனங்கள் பார்க்கத்தக்க முறையில் வெட்டித் திருத்துவது அவருடைய வேலை. சாதாரண குமாஸ்தா வேலை மாதிரிதான். ஆனால் அந்த மேஜையருகே நின்று தொழில் கற்றவர்களில் ஒருவர் யார் தெரியுமா? பின்னாளில் உலகப் புகழ் பெற்ற ஐசன்ஸ்டைன்.

ஷூப்புக்கு ஒரு யோசனை உதித்தது. பிப்ரவரிப் புரட்சியின் பத்தாம் ஆண்டு நெருங்குகிறது. ஜார் ஆட்சி எப்படி வீழ்ந்தது என்று ஒரு படம் வேண்டும். நடிகர்களைக் கொண்டு நடிக்க வைக்கலாம். ஆனால் அரண்மனையிலேயே ஜாருக்குப் படப்பிடிப்பாளர்கள் இருந்தார்களே! ஜார் தேவாலயம் போனது, குடும்பத்தோடு கப்பலில் உல்லாசப் பயணம் போனது, 1913-ல் ரோமானோவ் வம்சத்தின் 300-வது ஆண்டு விழாக் கொண்டாடியது, எல்லாவற்றையும் தன் பெருமைக்காகப் பிடித்து வைத்திருந்தானே! அந்தச் சுருள்கள் எங்கே?

1926 கோடையில் அவர் லெனின்கிராடுக்குப் போனார். ஈரம் கசிந்த நிலவறைகளில் சுருள்கள் கிடந்தன. பல கெட்டுப் போயிருந்தன. எது எந்த வருஷம், யார் பிடித்தது என்று ஒரு சீட்டும் கிடையாது. இரண்டு மாதங்களில் சுமார் 60,000 மீட்டர் படத்தை உட்கார்ந்து பார்த்தார். அதிலிருந்து 5,200 மீட்டர் பொறுக்கினார். கடைசியில் படமாக நின்றது ஏறக்குறைய 1,500 மீட்டர். 'ரோமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்ற அந்தப் படம் 1927 மார்ச்சில் வெளிவந்தது.

அதில் ஓர் இடத்தைச் சொல்கிறேன். ஒரு கப்பலின் மேல்தளம். பிரபுக்களும் சீமாட்டிகளும் நடனமாடுகிறார்கள். ஆடி ஆடிக் களைத்து நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொள்கிறார்கள். வியர்வையைப் பற்றி ஓர் எழுத்துப் பலகை வருகிறது. அடுத்த காட்சியில் கூலி உழைப்பாளிகள் மண் வெட்டுகிறார்கள். அவர்களும் வியர்வையைத் துடைக்கிறார்கள்.

அவ்வளவுதான். ஷூப் ஒரு வசனம் சேர்க்கவில்லை. எவரையும் வில்லனாக வேஷம் கட்டவில்லை. ஜாரின் ஆட்கள் பிடித்த படத்தையே ஜாருக்கு எதிரான சாட்சியாகக் கூண்டில் ஏற்றினார். அந்தக் கப்பல் காட்சியைப் பிடித்தவன் என்ன நினைத்திருப்பான்? 'எஜமானர்கள் எவ்வளவு அழகாக ஆடுகிறார்கள்!' என்றுதானே? மண் வெட்டும் காட்சி பக்கத்தில் வந்து நின்றவுடன் அந்த அழகு என்ன ஆயிற்று? இரண்டு காட்சிகளிலும் தனித்தனியே இல்லாத ஓர் உண்மை, இரண்டையும் சேர்த்து வைத்தவுடன் பிறந்துவிட்டது. வர்க்கம் என்றால் என்ன என்று நாம் கரும்பலகையில் எழுதி ஒரு மணி நேரம் விளக்குகிறோம். ஷூப் அரை நிமிஷத்தில் காட்டிவிட்டார்.

இதே பாணியில் நம் தமிழர் ஒருவரும் உழைத்திருக்கிறார் என்பதைச் சொல்லாமல் போகக்கூடாது. ஏ.கே. செட்டியார். அவர் நம் கட்சிக்காரரல்ல, காந்தி பக்தர். இருந்தாலும் அந்த உழைப்புக்குத் தலைவணங்க வேண்டும். காந்தியைப் பற்றி உலகெங்கும் பலர் 30 ஆண்டுகளில் பிடித்த படத்துண்டுகளைத் தேடிக் கண்டம் விட்டுக் கண்டம் அலைந்து, 50,000 அடி சேர்த்து, அதிலிருந்து ஒரு முழுநீளப் படத்தை 1940-ல் வெளியிட்டார். வெள்ளைக்காரன் ஆட்சி நடந்துகொண்டிருந்த காலம், யுத்த காலம்! அந்தப் படத்தின் கதி என்ன ஆயிற்று? பல பத்தாண்டுகள் பிரதி கிடைக்காமல் போயிற்று. கடைசியில் படத்தின் ஒரு வடிவம் அமெரிக்காவில் ஒரு பல்கலைக்கழகத்தில் கண்டுபிடிக்கப்பட்டது. தமிழன் தேடிச் சேர்த்ததைத் தமிழ்நாட்டில் காப்பாற்றி வைக்க நாதி இல்லை. இதைப் பின்னால் மறுபடி சொல்வேன், ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டு போட்டோ, ஒரு பாட்டு

அமெரிக்காவில் மெக்கார்த்தி என்ற செனட்டர், கம்யூனிஸ்ட் வேட்டை ஆடிய காலம் உங்களுக்குத் தெரியும். 1954-ல் அவனுக்கும் ராணுவத்துக்கும் ஏற்பட்ட தகராறு 36 நாட்கள் செனட் கமிட்டி முன் விசாரணையாக நடந்தது. டெலிவிஷனில் ஊரே பார்த்தது. அந்த வருஷம் டிசம்பரில் செனட் சபையே அவனுக்குக் கண்டனம் தெரிவித்தது. பத்தாண்டுகள் கழித்து எமிலி டி ஆண்டோனியோ என்ற இடதுசாரிக் கலைஞர், ஒரு டெலிவிஷன் கம்பெனியின் கிடங்கில் தூங்கிய 188 மணி நேரப் பதிவை விலை கொடுத்து வாங்கி, ஒன்றரை மணி நேரப் படமாக வெட்டினார். 1964-ல் வந்தது. விளக்கம் சொல்லும் குரல் ஒன்றுகூடக் கிடையாது. மெக்கார்த்தி பேசுகிறான், பேசுகிறான், பேசிக்கொண்டே இருக்கிறான். கடைசியில் மற்றவர்கள் எழுந்து வெளியே போய்விடுகிறார்கள். மைக் முன்னால் அவன் தனியே கத்திக்கொண்டிருக்கிறான். ஆளைக் கவிழ்க்க அவன் வாயே போதும் என்று விட்டுவிட்டார்.

இனி கியூபாவுக்கு வருவோம். எனக்கு மிகவும் பிடித்த மனிதர் அங்கேதான் இருந்தார். சாண்டியாகோ ஆல்வாரெஸ். 1919-ல் ஹவானாவில் பிறந்தவர். வயிற்றுப் பிழைப்புக்காக அமெரிக்கா போய் எச்சில் தட்டுக் கழுவினார், பென்சில்வேனியாவில் நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை செய்தார். ஊர் திரும்பிக் கட்சியில் சேர்ந்தார். 1959-ல் புரட்சி வென்று, அதே வருஷம் சினிமாக் கழகம் நிறுவப்பட்டபோதுதான் சினிமாவுக்கு வந்தார். அப்போது வயது 40! நாற்பதைத் தாண்டிவிட்டோமே, இனி எதைக் கற்பது என்று பெருமூச்சு விடும் தோழர்கள் கவனிக்கவும்.

1960-லிருந்து 1990 வரை கியூபாவின் வாராந்திரச் செய்திப்படம் வந்துகொண்டிருந்தது. அதற்கு ஆல்வாரெஸ்தான் தலைமை. அமெரிக்க ஏகாதிபத்தியம் பொருளாதாரத் தடை போட்டு நாட்டை நெரித்தது. பிலிம் கிடைப்பது அருமை. அமெரிக்காவுக்குப் போய்ப் படம் பிடிப்பதென்பது நினைத்துப் பார்க்கவே முடியாதது. என்ன செய்வது? அமெரிக்கப் பத்திரிகைகளில் வந்த புகைப்படங்களையும் கிடைத்த செய்திப்படத் துண்டுகளையும் எடுத்து மேஜைமேல் பரப்பினார். இரண்டு புகைப்படமும், ஒரு பாட்டும், படம் வெட்டும் ஓர் இயந்திரமும் கொடுத்தால் சினிமா தருகிறேன் என்ற கருத்தில் அவர் சொன்னது உலகப் பிரசித்தம்.

1965-ல் வந்த 'நவ்' என்ற படத்தைக் கேளுங்கள். 'இப்போதே' என்று அர்த்தம். ஆறு நிமிஷம் ஓடும். லீனா ஹார்ன் என்ற நீக்ரோ பாடகி பாடிய பாட்டு ஒன்று. அதன் தாளத்துக்கு வெட்டு விழுகிறது. போலீஸ் நாய்கள் பாய்கின்றன, தடிகள் ஓங்குகின்றன, கைவிலங்குகள் தெரிகின்றன. பெரும்பாலும் அசையாத புகைப்படங்கள்தான். ஆனால் காமிரா ஒரு போலீஸ்காரன் முகத்திலிருந்து வழுக்கி, அவன் கைத்தடியில் போய், அங்கிருந்து கீழே கிடக்கிறவன் கண்ணுக்கு வரும்போது, புகைப்படம் அசையாதது என்பதே உங்களுக்கு மறந்துவிடும். கடைசியில் துப்பாக்கிக் குண்டுகள் துளைத்த ஓட்டைகளாலேயே 'நவ்' என்ற எழுத்து திரையில் பதிகிறது. அமெரிக்கப் பத்திரிகைகளில் வியாபாரத்துக்காக அச்சான படங்கள் அவை! அவற்றை வைத்தே அமெரிக்க ஆளும் வர்க்கத்தின் முகத்தில் அறைந்தார்.

1969-ல் ஹோ சி மின் மறைந்தபோது '79 வசந்தங்கள்' என்று ஒரு படம் செய்தார். மலர் விரிகிறது, உடனே ஆகாயத்திலிருந்து குண்டு விழுகிறது. முடிவுப் பகுதியில் படச்சுருளே கிழிகிறது, எரிகிறது. யுத்தத்தின் கொடுமையைக் காட்ட, படத்தையே காயப்படுத்திவிட்டார். 'பரிசோதனைக் கலை' என்று பெயர் போட்டுக்கொண்டு புரியாததைச் செய்து பணக்காரர் வீட்டுச் சுவரில் மாட்டுகிறவர்கள் உண்டு. ஆல்வாரெஸ் செய்ததும் பரிசோதனைதான். ஹவானாவின் சாதாரண சினிமாக் கொட்டகைகளில் உழைப்பாளி மக்கள் அதைப் பார்த்தார்கள்.

நீக்ரோ மக்களின் கதை 1965-ஓடு முடிந்துவிட்டதா? 2015 ஏப்ரலில் தென் கரோலினா மாநிலத்தில் வால்டர் ஸ்காட் என்ற கறுப்பு மனிதர் போலீஸ்காரனால் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் தன்னைத் தாக்க வந்ததால் சுட்டதாகப் போலீஸ்காரன் சொன்னான். வழியே போன ஓர் இளைஞர் செல்போனில் பிடித்த படம் வெளிவந்தது. முதுகைக் காட்டி ஓடுகிறவரைச் சுட்டது தெரிந்தது. 2017-ல் அந்தப் போலீஸ்காரனுக்கு 20 ஆண்டுச் சிறை. அந்தத் துண்டையும் இன்னும் பல துண்டுகளையும் சேர்த்து ஆர்தர் ஜாஃபா என்ற கறுப்புக் கலைஞர் 2016-ல் ஏழு நிமிஷத்துக்குச் சற்று மேல் ஓடும் ஒரு வீடியோ செய்தார். அடியும் உதையும் மட்டுமல்ல அதில். பாட்டு, ஆட்டம், விளையாட்டு, குழந்தைகள், பிரசங்கம் — ஒரு ஜனசமூகத்தின் உயிரே இருக்கிறது. துன்பத்தை மட்டும் காட்டினால் மக்களைப் பிச்சைக்காரர்களாகக் காட்டுவதாகும் என்பது அவருக்குத் தெரிந்திருக்கிறது. நம் நாடகங்களில் சில, முதல் காட்சியிலிருந்து கடைசிக் காட்சி வரை அழுதுகொண்டே இருப்பதை இங்கே மெதுவாக ஞாபகப்படுத்துகிறேன்.

சுழலும் நாயகி

வீடியோ என்று சொன்னேன். பிலிமை வெட்டக் கத்தரி போதும். டெலிவிஷனில் ஓடுவதை எப்படிப் பிடிப்பது? அதைப் பதிவு செய்யும் கருவி வீடுகளுக்கு வந்தபோது படக் கம்பெனிகள் கோர்ட்டுக்கு ஓடின. அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1984-ல் 5-க்கு 4 என்ற கணக்கில்தான் வீட்டில் பதிவு செய்வது குற்றமல்ல என்று தீர்ப்புச் சொல்லியது. ஒரு நீதிபதியின் வோட்டு மாறியிருந்தால் கோடிக்கணக்கான பேர் திருடர்கள் ஆகியிருப்பார்கள்!

அதற்கு முன்பே, 1978-79-ல், டாரா பிர்ன்பாம் என்ற நியூயார்க் பெண்மணி 'வொண்டர் உமன்' என்ற டெலிவிஷன் தொடரின் துண்டுகளைத் தொழிலில் இருந்த நண்பர்கள் மூலம் எப்படியோ சம்பாதித்தார். கதையில் ஓர் ஆபீஸ் காரியதரிசிப் பெண் ஒரு சுழற்சி சுழல்வாள், வெளிச்சம் வெடிக்கும், அரைகுறை ஆடையில் மகாசக்தி படைத்தவளாக நிற்பாள். பிர்ன்பாம் கதையைத் தூக்கி எறிந்துவிட்டார். சுழற்சியை மட்டும் திரும்பத் திரும்பப் போட்டார். சுழல்கிறாள், வெடிக்கிறது, சுழல்கிறாள், வெடிக்கிறது. ஆறு நிமிஷத்துக்குள் என்ன புரிகிறது? பெண்ணுக்கு அவர்கள் கொடுக்கும் 'விடுதலை' உடை மாற்றுவது மட்டும்தான்! நடுவில் வேறு நிலையே கிடையாது. ஒன்று காரியதரிசி, இல்லாவிட்டால் பொம்மை. இந்த வீடியோவை அவர் முதலில் காட்டிய இடங்களில் ஒன்று, ஒரு முடி அலங்காரக் கடையின் கண்ணாடி ஜன்னல். தெருவில் போகிறவர்கள் நின்று பார்த்தார்கள். நம் மாதர் சங்கத் தோழர்கள் டெலிவிஷன் தொடர்களைப் பற்றிப் பக்கம் பக்கமாகத் தீர்மானம் எழுதுகிறார்கள். எழுதுங்கள், வேண்டாமென்று சொல்லவில்லை. ஒரு தொடரில் கதாநாயகி அழுகிற இடங்களை மட்டும் வெட்டி வரிசையாக ஒட்டிப் பாருங்கள். தீர்மானத்தைவிட வேகமாக வேலை செய்யும்.

ஆலை வாசல்

ஹாருன் ஃபரோக்கி என்ற ஜெர்மானியரைப் பற்றிச் சொல்ல வேண்டும். தகப்பனார் இந்தியாவிலிருந்து ஜெர்மனிக்குக் குடியேறிய டாக்டர். 2014-ல் காலமானார். 1995-ல் அவர் செய்த வீடியோவின் பெயர் 'தொழிலாளர்கள் ஆலையை விட்டு வெளியேறுகிறார்கள்'.

1895-ல் லூமியேர் சகோதரர்கள் பிடித்த ஆரம்பப் படங்களில் ஒன்றுக்கும் அதே பெயர்தான். பிரான்சில் லியோன் நகரத்தில் அவர்களுடைய சொந்த ஆலை வாசலில், சொந்தத் தொழிலாளிகளை, ஒரு நிமிஷத்துக்கும் குறைவாகப் பிடித்தார்கள். பெரும்பாலும் பெண் தொழிலாளிகள். சினிமாவின் பிறப்பிலேயே காமிரா முதலாளி கையில் இருந்தது, அதன் முன்னால் நடந்தவர்கள் தொழிலாளர்கள்! ஃபரோக்கி நூறு வருஷப் படங்களைத் தோண்டினார். 1926-ல் டெட்ராய்டில் ஃபோர்டு ஆலை வாசல், 'மெட்ரோபாலிஸ்' படத்தின் கூலிப்பட்டாளம், 1952 படமொன்றில் மீன் ஆலையை விட்டு வரும் மரிலின் மன்றோ. எல்லாவற்றிலும் அதே காட்சி. வாசலைத் தாண்டி வெளியே வருகிறார்கள், கதை ஆரம்பிக்கிறது. ஆலைக்குள் நடப்பது எங்கே? உள்ளே போகச் சினிமாவுக்கு மனம் வரவில்லை. நம் தமிழ் சினிமாவையும் இந்தக் கண்ணோடு பாருங்கள். கதாநாயகன் மில் தொழிலாளி என்பார்கள். அவன் நூல் முடிச்சுப் போட்டு எத்தனை படத்தில் பார்த்திருக்கிறீர்கள்?

இதே ஃபரோக்கி, ஆந்திரெ உஜிகா என்பவரோடு சேர்ந்து 1992-ல் செய்த இன்னொரு படம் நமக்குக் கசப்பானது. 1989 டிசம்பரில் ருமேனியாவில் நடந்ததைப் பற்றியது. சுமார் 125 மணி நேரப் பதிவுகளிலிருந்து தொகுத்தது. டிசம்பர் 21 அன்று சௌசெஸ்கு பால்கனியில் நின்று பேசுகிறார். கூட்டத்தில் எங்கோ கலவரம். டெலிவிஷன் காமிரா உடனே மக்களை விட்டுத் திரும்பிக் கட்டடங்களையும் ஆகாயத்தையும் காட்டுகிறது! எதிர்பாராதது நடந்தால் அப்படிச் செய்ய வேண்டும் என்று உத்தரவு. மறுநாள் மக்கள் டெலிவிஷன் நிலையத்துக்குள்ளேயே நுழைந்துவிட்டார்கள்.

சில தோழர்களுக்கு இந்தப் படத்தை இங்கே எடுத்தது பிடிக்காது. தெரியும். ஆனால் மக்கள் பெயரால் ஆட்சி நடத்துகிற இடத்தில், காமிரா மக்களைக் கண்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது என்றால், அதை நாம் பார்க்காமல் வேறு யார் பார்ப்பது?

இன்னொன்றையும் இதோடு சொல்லிவிடுகிறேன். குளிர்கால அரண்மனையை மக்கள் கைப்பற்றும் காட்சி என்று பல டாக்குமெண்டரிகளில் வருகிறதே, அது 1917-ல் பிடித்ததல்ல. ஐசன்ஸ்டைன் 1928 படமான 'அக்டோபரு'க்காக நடிக்க வைத்துப் பிடித்தது. ஐசன்ஸ்டைன் யாரையும் ஏமாற்றவில்லை. அவர் எடுத்தது கதைப்படம். அதை வெட்டி எடுத்து 'நேரில் பிடித்தது' என்று விற்றவர்கள்தான் ஏமாற்றினார்கள். டி ஆண்டோனியோகூட விசாரணை நடந்த வரிசையை அப்படியே வைக்கவில்லை, மாற்றித்தான் அடுக்கினார். ஆகவே வெட்டுவது கலையா, மோசடியா என்ற கேள்வி எப்போதும் தலைமேல் தொங்குகிறது. என் அபிப்பிராயம் இது: வரிசையை மாற்றலாம், பக்கத்தில் பக்கத்தில் வைத்து வாதாடலாம். ஆனால் மதுரையில் பிடித்ததைக் கோவை என்று சொல்லக்கூடாது. போன வருஷத்து ஊர்வலத்தை இந்த வருஷத்து ஊர்வலம் என்று போடக்கூடாது. இன்று இயந்திரமே இல்லாத கூட்டத்தை இருப்பதாகப் படம் வரைந்து கொடுத்துவிடுகிறது. அந்த வேலைக்கு நம் தோழர் ஒருவரும் போகக்கூடாது.

மூன்று நிமிஷமும் நாற்பது நிமிஷமும்

இதெல்லாம் நமக்கு எதற்கு என்று பின்வரிசையில் ஒரு தோழர் கேட்பது காதில் விழுகிறது. சொல்கிறேன்.

சில வருஷங்களுக்கு முன் ஒரு பஞ்சாலையில் நடந்தது. பெயர் வேண்டாம், வழக்கு இன்னும் முடியவில்லை. ஷிப்டு மாறுகிற நேரத்தில் தகராறு. நான்கு தொழிலாளிகள் சூப்பர்வைசரைச் சூழ்ந்துகொண்டு மிரட்டியதாகக் குற்றச்சாட்டு. உள்விசாரணையில் நிர்வாகம் கண்காணிப்புக் காமிராவில் பதிந்த மூன்று நிமிஷப் படத்தைப் போட்டது. பார்த்தால் சூழ்ந்துகொண்டுதான் நிற்கிறார்கள். கையை நீட்டித்தான் பேசுகிறார்கள். ஒலி கிடையாது. சங்கம் முழுப் பதிவையும் கேட்டது. நிர்வாகம் இல்லை என்றது. மறுபடி கேட்டோம், எழுத்து மூலம் கேட்டோம். கடைசியில் நாற்பது நிமிஷம் வந்தது. அந்த மூன்று நிமிஷத்துக்கு முன்னால் ஒரு பெண் தொழிலாளி இயந்திரத்தின் பக்கத்தில் மயங்கி விழுகிறார். ஆம்புலன்ஸ் கேட்டுத்தான் அந்த நான்கு பேர் சூப்பர்வைசரிடம் ஓடுகிறார்கள். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்.

பார்த்தீர்களா? வெட்டி ஒட்டும் கலை முதலாளிக்கும் தெரியும். அவன் அதை மியூசியத்தில் காட்டுவதில்லை, வேலைநீக்க உத்தரவோடு இணைத்து அனுப்புகிறான்.

நம் கையில் என்ன இருக்கிறது? ஒவ்வொரு தோழர் சட்டைப் பையிலும் செல்போன் இருக்கிறது. வாயிற்கூட்டம், மறியல், ஊர்வலம், எல்லாம் பிடிக்கிறோம். அன்றிரவே வாட்ஸ்அப்பில் போடுகிறோம். ஒரு மாதம் கழித்து, போனில் இடம் போதவில்லை என்று அழிக்கிறோம். இணையத்தில் ஏற்றியது இருக்கிறதே என்கிறீர்கள். யாருடைய கிடங்கில் இருக்கிறது? அமெரிக்கக் கம்பெனியின் கிடங்கில். நாளைக்கு அவன் கதவை மூடினால் எந்த நீதிமன்றத்துக்குப் போவீர்கள்? ஏ.கே. செட்டியார் படம் போன கதையை ஞாபகம் வைக்கச் சொன்னேனே, அது இதற்குத்தான்.

ஆகவே கலைக்குழுத் தோழர்களிடம் சில காரியங்கள் கேட்கிறேன். பிடித்த மூலப் பதிவை வெட்டாமல், அழிக்காமல் தனி ஹார்ட் டிஸ்கில் சேருங்கள். ஒன்று மாவட்ட அலுவலகத்தில், இன்னொரு பிரதி வேறு ஊரில். ஒவ்வொன்றோடும் தேதி, ஊர், பிடித்தவர் யார் என்று ஒரு வரி. ஷூப் அந்த நிலவறையில் சீட்டில்லாத சுருள்களோடு பட்ட பாட்டை நமக்குப் பின்னால் வருகிறவர்கள் படவேண்டாம். வேலைநிறுத்தம் நடக்கும்போது தொழிலாளிகளின் முகம் தெரியும் படத்தை வெளியில் போடாதீர்கள். அதைப் பார்த்துத்தான் சஸ்பெண்ட் லிஸ்ட் தயாராகிறது. பேச்சாளரை மட்டுமே பிடிக்கும் வழக்கத்தை விடுங்கள். தலைவர் பேச்சு நோட்டீசிலேயே இருக்கிறது. கேட்கிறவர்கள் முகத்தைப் பிடியுங்கள், ஆலை வாசல் டீக்கடையைப் பிடியுங்கள். முதலாளிமார் தங்கள் ஆண்டு விழாவுக்குத் தயாரித்து இணையத்தில் போடும் விளம்பரப் படங்களையும் சேகரியுங்கள். ஜாரின் கப்பல் அங்கேயும் மிதக்கும்.

இப்போது மூன்று படங்கள் போடப் போகிறோம். முதலில் லூமியேரின் ஆலை வாசல், ஒரு நிமிஷம்கூட இல்லை. ஆகவே இரண்டு தடவை போடச் சொல்லியிருக்கிறேன். அடுத்தது 'நவ்'. பிறகு ஷூப்பின் படத்திலிருந்து கப்பல் வரும் பகுதி. பார்த்து முடித்தவுடன் அரை மணி நேரம் விவாதம். அதன் பிறகு அந்தப் பஞ்சாலைப் பதிவு நாற்பது நிமிஷத்தையும் நான்கு குழுக்களிடம் கொடுக்கிறோம். ஒவ்வொரு குழுவும் அதை மூன்று நிமிஷமாக வெட்டி நாளைக் காலை கொண்டுவர வேண்டும். பெண் தொழிலாளியின் முகம் தெரியக்கூடாது; அதற்கு அவர் சம்மதம் கொடுக்கவில்லை.